ஊர்வாயும் உள்ளத்துறுதியும்

யாழ்ப்பாணத்து வீடுகளுக்கு வேலி இன்றியமையாதது. கதியால் நட்டுக் கிடுகாலும் பனையோலையாலும் அடைத்த வேலி, வீதியிற் செல்வோர் கண்ணுக்கு முற்றம் தெரியாதபடி மறைத்துவிடும். ஆயினும் அந்த வேலியால் தடுக்க முடியாத ஒன்று உண்டு. அதுவே ஊர்வாய். ‘ஊரார் என்ன சொல்வார்கள்?’ என்னும் கேள்வி வேலியைக் கடந்து, படலையைக் கடந்து, அடுக்களைக்குள்ளும் புகுந்து, இறுதியில் மனிதருடைய நெஞ்சிலேயே குடியேறிவிடுகிறது. பிள்ளையை எந்தத் துறையிற் படிக்க வைப்பது, மகளுக்கு எத்தனை இலட்சம் சீதனம் கொடுப்பது, சாமத்தியச் சடங்குக்கு எவ்வளவு கடன் வாங்குவது என்பனவற்றையெல்லாம் பல வேளைகளில் அந்தக் கேள்வியே முடிவு செய்கிறது.

பிறருடைய நன்மதிப்பை விரும்புவது மனிதருக்கு இயல்பு. அதனைக் குற்றமென்று தள்ளிவிட முடியாது. நோயிலும் சாவிலும் துணைநிற்பது ஊர். அறுவடைக்குக் கைகொடுப்பதும், கலியாண வீட்டுப் பந்தலுக்குக் கால் நடுவதும் அயலவரே. ஆதலால் ஊரைப் புறக்கணித்து வாழ்வதே வீரம் என்று எண்ணுவது பேதைமை. ஆனால், ஊரோடு கூடி வாழ்வது வேறு. ஊர் மெச்சினால்தான் தனக்கு மதிப்பு உண்டு என்று நினைத்து வாழ்வது வேறு. இந்த வேற்றுமையை உணர்வதற்கு உடுவிலின் வரலாறே ஒரு நல்ல பாடம் ஆகும்.

யாழ்ப்பாண நகரிலிருந்து காங்கேசன்துறை வீதி வழியாக வடக்கே சில கல் தொலைவு சென்றால், இணுவிலுக்கும் சுன்னாகத்துக்கும் இடையில், வீதிக்கு மேற்குப் புறமாக உடுவில் அமைந்துள்ளது. செம்மண் தோட்டங்களும் கிணறுகளும் பனைகளும் நிறைந்த ஊர். 1816ஆம் ஆண்டில் யாழ்ப்பாணம் வந்து சேர்ந்த அமெரிக்க மிசனைச் சேர்ந்தவர்கள், 1820இல் இவ்வூரிலும் தங்கள் பணியைத் தொடங்கினர். 1824இல் ஹரியற் வின்சிலோ என்னும் அம்மையார் இங்கே பெண்களுக்கென ஒரு விடுதிப் பாடசாலையை நிறுவினார். ஆசியாவில் பெண்களுக்காக ஏற்பட்ட விடுதிப் பாடசாலைகளுள் மிகப் பழையது என்று போற்றப்படுவது அது. இன்று உடுவில் மகளிர் கல்லூரி என்னும் பெயருடன் இருநூறு ஆண்டுகளைக் கடந்து நிற்கிறது.

அந்நாளில் ஒரு பெண்பிள்ளையைப் படிக்க அனுப்புவது எத்துணை அரிய செயல் என்பதை இக்காலத்தவர் எண்ணிப் பார்ப்பதும் கடினம். திண்ணைப் பள்ளிகளில் ஆண்பிள்ளைகள் ஏடும் எழுத்தாணியும் பிடித்துக் கற்றனர். பெண்பிள்ளைக்கு எழுத்து எதற்கு என்பது பொதுவான எண்ணம். கோயில்களில் ஆடிப்பாடும் மாதருக்கே எழுத்தறிவு உரியது, குடும்பப் பெண்ணுக்கு அஃது இழுக்கு என்று கருதியோரும் இருந்தனர். படித்த பெண் கணவனை மதியாள் என்ற அச்சமும் உண்டு. இவற்றுக்கு மேலாகச் சாதிக் கட்டுப்பாடு நின்றது. வேற்று மதத்தவர் நடத்தும் விடுதியில் உண்டு உறங்கினால் சாதி போய்விடும். சாதி போனால் சம்பந்தம் கூடாது. அயல்வீட்டார் தண்ணீரும் வாங்கிக் குடிக்கமாட்டார். ஆகவே ஊரின் ஒப்புதலை இழப்பது அக்காலத்துக் குடும்பத்துக்கு வெறும் மனக்குறையாக இருக்கவில்லை. வாழ்க்கையின் ஆதாரமே ஆட்டங்காணும் செய்தியாக இருந்தது.

இப்பாடசாலையின் தொடக்கத்தைப் பற்றி மிசன் வரலாறுகளில் வழங்கிவரும் நிகழ்ச்சி ஒன்று உண்டு. அயலில் வாழ்ந்த சிறுமியர் இருவர், அக்காளும் தங்கையும், அம்மையாரின் இல்லத்துக்கு வந்திருந்தபோது பெருமழை பிடித்துக்கொண்டது. பொழுதுபட்டும் மழை விடவில்லை. பசித்திருந்த சிறுமியர்க்கு அம்மையார் உணவு கொடுத்தார். தங்கை அதனை வாங்கி உண்டாள், அக்காள் மறுத்துவிட்டாள். பின்னர் பிள்ளைகளைத் தேடிவந்த தந்தை, இளையவள் அங்கே உண்டதை அறிந்து கடுஞ்சினம் கொண்டார். அம்மையார் தக்க சொற்களால் அவரை ஆற்றினார். காலப்போக்கில் அவரே தம் பிள்ளைகள் அம்மையாரிடம் கல்வி கற்பதற்கு இசைந்தார் என்பது அச்செய்தி.

இதனைக் கேட்பவர்கள் தங்கையைத் துணிவுள்ளவள் என்றும் அக்காளை அஞ்சியவள் என்றும் உடனே பிரித்துவிடக்கூடும். ஆனால் சற்று நின்று எண்ண வேண்டும். தங்கை உண்டது தன் தெளிவினாலா, பசியினாலா, எதிரே நின்ற அம்மையாரின் முகத்துக்காகவா? அக்காள் மறுத்தது ஊருக்கு அஞ்சியா, அல்லது தன் வீட்டு ஒழுக்கத்தைத் தானே மதித்தா? புறத்தே நிற்பவர் எவராலும் இதற்கு விடை கூற இயலாது. ஊரை மீறிய செயல்கள் யாவும் தன்னம்பிக்கையிற் பிறந்தவை என்பதற்கில்லை. ஊருக்கு இணங்கிய செயல்கள் யாவும் அச்சத்திற் பிறந்தவையும் ஆகா. செயல் எந்த ஊற்றிலிருந்து புறப்பட்டது என்பதுதான் கேள்வி. அதனை அறிந்தவர் செய்தவர் ஒருவரே. தன்னை நம்பக் கற்றல் என்பது, இந்த ஊற்றைத் தனக்குத்தானே ஒளிக்காமற் பார்க்கக் கற்றல் ஆகும்.

உடுவிற் பாடசாலையில் முதலிற் படித்த பெண்களின் நிலை இதனை இன்னும் தெளிவாக்கும். அவர்கள் ஊரின் ஒப்புதலை விட்டு வந்தவர்கள். ஆனால் வந்த இடத்தில் வேறோர் ஒப்புதல் காத்திருந்தது. கடல்கடந்து வாழ்ந்த அமெரிக்க அன்பர்கள் பிள்ளைகளின் செலவுக்குப் பணம் அனுப்பினர். அவ்வாறு அனுப்பியவர் விரும்பிய பெயரே பிள்ளைக்கு இடப்படும் வழக்கமும் இருந்தது. தமிழ்த் தாயின் வயிற்றிற் பிறந்து, தமிழிலே தாலாட்டுக் கேட்ட பெண், தான் ஒருபோதும் கண்டிராத ஒருவர் தெரிந்தெடுத்த அந்நியப் பெயரைத் தாங்கினாள். படிப்பை முடித்து மணம் செய்யும் பெண்ணுக்கு மிசனே சீதனம் கொடுத்த காலமும் உண்டு. பெண்கல்விக்கு அந்நாளில் இருந்த தடையை நோக்கினால், இவ்வுதவிகள் இல்லாமற் பாடசாலை நிலைத்திராது என்பது உண்மையே. எனினும், வீட்டில் ஊரார் முகம் பார்த்தவள் விடுதியில் உபகாரிகளின் முகம் பார்க்க நேர்ந்தது. ஓர் எசமானை விட்டு இன்னோர் எசமானிடம் செல்வது விடுதலை ஆகாது. இக்காலத்தும் பலர் பெற்றோரின் சொல்லை உதறிவிட்டோம் என்று மகிழ்ந்து, நண்பர் கூட்டத்தின் சொல்லுக்கு அடிமையாகின்றனர்.

எனினும் அப்பெண்களிடம் கல்வி என்னும் ஒரு பொருள் எஞ்சிற்று. அதனைக் கொடுத்தவர் மீட்டுக்கொள்ள முடியாது. ஊர் பறிக்கவும் முடியாது. பெயர் பிறர் இட்டதாயினும், படித்தறியும் கண் அவளுடையதே. காலப்போக்கில் மிசன் கொடுத்த சீதனம் நின்றது. பெற்றோர் தாமே கட்டணம் செலுத்திப் பெண்களை அனுப்பலாயினர். முன்பு இழுக்கு எனப்பட்ட எழுத்தறிவு பின்பு பெண்ணுக்குரிய பெருமைகளுள் ஒன்றாயிற்று. ஊர்வாய் மாறியது. ஆனால் அது முதலில் மாறி, அதன்பின் பெண்கள் படிக்கச் செல்லவில்லை என்பது குறிப்பிடத்தக்கது. சிலர் முதலிற் சென்றனர். அதன்பின்னரே ஊர்வாய் மாறிற்று. ஊரின் மெச்சுதல் பெரும்பாலும் செயலுக்குப் பின்னே வருவது. அது முன்னே வரட்டும் என்று காத்திருப்பவர் காத்துக்கொண்டே இருப்பார்.

மாணவியரைப் போலவே அவர்களுக்குக் கற்பித்தவர் ஒருவரும் நினைக்கத் தக்கவர். எலைசா அக்னியூ என்னும் அம்மையார் 1807இல் நியூயோர்க் நகரிற் பிறந்தவர். எட்டு வயதில், பள்ளியிற் பூமிசாத்திரப் பாடம் நடந்துகொண்டிருந்தபோது, தொலைநாடு ஒன்றுக்குச் சென்று பணிபுரிய வேண்டும் என்ற எண்ணம் அவருக்குத் தோன்றியது. குழந்தையின் ஆசை என்று யாரும் நகைத்திருக்கலாம். ஆனால் அவர் அவ்வெண்ணத்தை விடவுமில்லை. அதற்காக வீட்டைத் துறந்து ஓடவுமில்லை. பெற்றோர் உயிரோடிருந்தவரை அவர்களைப் பேணுவது தம் கடமை என்று இருந்தார். அவர்கள் காலமான பின்பு, முப்பது வயதைத் தாண்டிய நிலையில், 1839இற் கப்பல் ஏறினார். 1840இல் யாழ்ப்பாணம் வந்து உடுவிற் பாடசாலையில் அமர்ந்தார்.

மணமாகாத ஒரு பெண் தனியே கடல்கடந்து வந்து ஆசிரியப் பணி புரிவது அக்காலத்தில் அவருடைய சொந்த நாட்டினருக்கே புதுமை. யாழ்ப்பாணத்தவர்க்கோ அது பெரும் வியப்பு. அவர் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் உடுவிலிற் கற்பித்தார். ஒருமுறையேனும் தாய்நாடு திரும்பவில்லை. முதலிற் படித்தவர்களின் மக்களும் பின்னர் அவரிடம் கற்றனர். 1879இல் ஓய்வு பெற்று, 1883இல் மானிப்பாயில் மறைந்தார். ஆயிரம் பெண்களின் தாய் என்ற பெயர் அவருக்கு வழங்கலாயிற்று. எட்டு வயதில் எழுந்த எண்ணத்தை முப்பத்திரண்டு வயதுவரை அடைகாத்தவர் அவர். தன்னை நம்புவோருக்கு அவசரம் வேண்டுவதில்லை, ஆரவாரமும் வேண்டுவதில்லை. கடமையை விட்டு ஓடவும் வேண்டுவதில்லை.

உடுவிலுக்கு அண்டை ஊராகிய மானிப்பாயிலும் இத்தகைய உறுதியைக் காணலாம். 1847இல் யாழ்ப்பாணம் வந்த வைத்தியர் சாமுவேல் பிஸ்க் கிறீன், மேனாட்டு வைத்தியத்தைத் தமிழிலேயே கற்பிக்க முடியும் என்று நம்பினார். ஆங்கிலம் கற்றால் அரசாங்க உத்தியோகம் கிடைக்கும் என்பதால் மாணவரும் பெற்றோரும் ஆங்கிலத்தையே நாடிய காலம் அது. உடற்கூற்றையும் இரண வைத்தியத்தையும் சொல்லத் தமிழிற் சொல் ஏது என்று ஐயுற்றோரும் பலர். கிறீன் சொல் தேடினார். கிடைக்காத இடத்திற் சொல் ஆக்கினார். தம் மாணவரையும் பண்டிதரையும் துணைக்கொண்டு நூல் நூலாக மொழிபெயர்த்தார். 1864 முதல் தமிழிலேயே வைத்திய வகுப்பு நடத்தினார். உடல்நலம் குன்றித் தாய்நாடு திரும்பிய பின்னரும், 1884இல் மறையும்வரை அங்கிருந்தே தமிழ் மருத்துவ நூல்களைத் திருத்திக்கொண்டிருந்தார். அவருடைய நம்பிக்கை வாய்ப்பேச்சாக இருந்திருக்குமாயின் ஒரு தலைமுறையில் மறைந்திருக்கும். உழைப்பினால் மெய்ப்பிக்கப்பட்டமையால், தமிழில் அறிவியலைச் சொல்ல முயல்வோர் இன்றும் அவரை நினைக்கின்றனர்.

மிசனைச் சார்ந்தோர்க்கு மட்டுமே இவ்வுறுதி உரியது என்று எண்ணிவிடலாகாது. மிசனுக்கு எதிரணியில் நின்ற நல்லூர் ஆறுமுக நாவலரும் இதே பண்புக்கு மேலான சான்று. யாழ்ப்பாணத்து உவெஸ்லியன் மிசன் பாடசாலையிற் படித்து, அங்கேயே ஆசிரியராகவும் விளங்கியவர் அவர். பீற்றர் பேர்சிவல் பாதிரியாரின் நன்மதிப்பைப் பெற்று, அவருடைய விவிலிய மொழிபெயர்ப்புக்கு உதவினார். அவ்வழியே சென்றிருந்தால் பதவியும் வருவாயும் மேலும் பெருகியிருக்கும். ஆயினும் தாம் செய்ய வேண்டிய பணி வேறு என்று தெளிந்து, 1848இல் அவ்வுத்தியோகத்தைத் துறந்தார். அவ்வாண்டிலேயே வண்ணார்பண்ணையிற் சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கினார். சைவர்களின் புகழுக்காகவே அவர் இதனைச் செய்தார் என்பாரும் இருக்கலாம். அவ்வாறாயின், சைவக் கோயில்களை நடத்தியோரிடம் குறைகண்டபோது அவர் வாய்மூடியிருந்திருப்பார். அவரோ நல்லூர்க் கந்தசுவாமி கோயில் நடைமுறைகள் ஆகம விதிக்கு மாறானவை என்று கண்டதையும் அஞ்சாது எடுத்துரைத்தார். தம்மைப் புகழ்ந்தவர்களிடமே மாறுபட்டுப் பேசும் ஆற்றல், தன்னை நம்புவோரை அறிவதற்கு உரிய உரைகல் எனலாம்.

நாவலர் ஊன்றிய சைவக் கல்வி, பின்னர் பெண்கள் பக்கமும் பரந்தது. உடுவிற் பாடசாலை தொடங்கி எண்பத்தொன்பது ஆண்டுகளின் பின், 1913இல், சேர் பொன்னம்பலம் இராமநாதன் சைவப் பெண்களுக்கென உடுவிலின் அருகே மருதனார்மடத்தில் ஒரு கல்லூரியை நிறுவினார். பெண்ணுக்கு எழுத்து எதற்கு என்று கேட்ட மண்ணிலே, எந்தச் சமயத்தாராயினும் பெண்ணுக்குக் கல்வி கொடாது விடலாகாது என்ற நிலை பிறந்தது. ஒரு காலத்து ஊர்வாய் எதனை மானக்கேடு என்றதோ, அதனையே இன்னொரு காலத்து ஊர்வாய் மானத்துக்கு உரியது என்றது. இத்துணை மாறக்கூடிய ஒன்றைத் தன் வாழ்வுக்கு அளவுகோலாகக் கொள்பவர், வளரவும் சுருங்கவும் கூடிய கயிற்றால் நிலம் அளப்பவரை ஒப்பார்.

அப்படியாயின் பிறர் சொல்லைக் கேட்கவே வேண்டாமா என்ற வினா எழும். கேட்கத்தான் வேண்டும். அறிவுரை என்பது வேறு, மெச்சுதல் என்பது வேறு. தோட்டம் செய்பவர் வெங்காயத்துக்கு எப்போது நீர் இறைக்க வேண்டும் என்று அனுபவசாலியிடம் கேட்பது அறிவுரை நாடுதல். தன் தோட்டத்தைப் பார்த்து ஊர் என்ன சொல்கிறது என்று வேலியோரம் நின்று செவிகொடுப்பது மெச்சுதல் நாடுதல். முன்னையதால் விளைச்சல் பெருகும். பின்னையதால் இறைப்பு நேரம் வீணாகும். திருக்குறளில் வலியறிதல் என்று ஓர் அதிகாரமே அமைந்துள்ளது. தன் ஆற்றலின் அளவை அறியாமல் எழுந்து இடையே முறிவோரை அது எச்சரிக்கிறது. தன்னை நம்புதல் தன்னை அளந்தறிதலோடு சேர்ந்தே நிற்க வேண்டும். அளந்தறியாத நம்பிக்கை பிடிவாதம். அதற்கும் ஊர்வாய்க்கு அஞ்சுதலுக்கும் பெரிய வேற்றுமை இல்லை. இரண்டும் உண்மையை நோக்க மறுப்பவை.

இத்தகைய தெளிவை ஒருநாளிற் பெற முடியாது, பயிற்சியாற் பெறலாம். தனக்குத் தான் கொடுத்த சிறிய வாக்கைக் காப்பாற்றுவது முதற்படி. பிறருக்குக் கொடுத்த வாக்கை மீறினால் வெட்கப்படுகின்ற மனிதர், விடியலில் எழுந்து படிப்பேன் என்று தமக்கே கொடுத்த வாக்கைக் கூசாமல் மீறுகின்றனர். அடிக்கடி வாக்குத் தவறுபவனை யாரும் நம்பார். அவன் தானேயாயினும் நம்ப முடிவதில்லை. ஆகவே தன்னம்பிக்கை குன்றியவர் பெரும் சபதங்களை விட்டு, நாள்தோறும் நிறைவேற்றக்கூடிய சிறு செயல் ஒன்றைப் பற்றிக்கொள்வது நலம்.

இரண்டாவது, ஒரு முடிவைப் பிறரிடம் சொல்லுமுன் அதற்கான காரணத்தைத் தானே எழுதிப் பார்ப்பது. எழுதிய காரணங்களுள், எவரும் அறியாவிட்டாலும் இதனைச் செய்வேனா என்ற வினாவுக்கு எது நின்று விடைதருகிறதோ அது தன் காரணம். மற்றவை பிறர் முகம் பார்த்து எழுந்தவை. வைத்தியராகவோ பொறியியலாளராகவோ வரவேண்டும் என்று பல்லாயிரம் மாணவர் ஓடுகின்றனர். அவர்களுள் அத்தொழிலை மெய்யாக விரும்புவோர் உண்டு. அயல்வீட்டுப் பிள்ளையோடு ஒப்பிடப்படுவதற்கு அஞ்சி ஓடுவோரும் உண்டு. இருவரும் ஒரே வகுப்பில் ஒரே நூலையே படிக்கின்றனர். ஆனால் இருபது ஆண்டு கழித்து அவர்களுடைய வாழ்வு ஒன்றாக இராது.

மூன்றாவது, இன்சொல்லால் மறுக்கக் கற்றல். வீட்டிலிருந்து தையல் தொழில் செய்து பிழைக்கும் பெண் ஒருத்தி இருக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். உறவினர் அவசரமாகக் கொண்டுவரும் சட்டைகளையெல்லாம் கூலியின்றித் தைத்துக் கொடுக்கிறாள். நல்ல பிள்ளை என்ற பெயர் கிடைக்கிறது. கண் நோகிறது, கூலி கொடுப்பவரின் வேலை தவணை தப்புகிறது, அவளுடைய பிள்ளையின் பாடசாலைச் செலவுக்குப் பணம் போதவில்லை. ஒருநாள் அவள், ‘இந்தக் கிழமை முடியாது மாமி, அடுத்த கிழமை தைத்துத் தருகிறேன், கூலியையும் கொஞ்சம் பார்த்துத் தாருங்கோ’ என்று சொன்னால் என்ன நேரும்? மாமி முகம் சுளிக்கலாம். இரண்டு வீட்டிற் குறையும் சொல்லலாம். ஆனால் மாதம் ஒன்று கழிய, கூலியோடு வருவோர் வருவர். அவளும் அன்போடு தைப்பாள். தன்னை முன்னிறுத்துவது தன்னலம் என்று பழிக்கப்படுகிறது. கிணற்று ஊற்று தூர்ந்து போகாமற் பார்த்துக்கொள்வது கிணற்றின் தன்னலம் ஆகுமா? நீர் அருந்துவோர்க்கும் அதுவே நன்மை.

நான்காவது, விலை கொடுக்க ஒருப்படுதல். பிறர் மெச்சாத வழியிற் செல்வோர்க்குச் சில காலம் தனிமை உண்டு, பழிச்சொல் உண்டு, சில வேளை பொருளிழப்பும் உண்டு. உடுவிலுக்கு முதலிற் பெண்களை அனுப்பிய குடும்பங்கள் அந்த விலையைக் கொடுத்தன. உத்தியோகத்தைத் துறந்த நாவலரும் கொடுத்தார். இக்காலத்தில் ஊர்வாய் கைத்தொலைபேசித் திரையிலும் குடியேறியிருக்கிறது. கனடாவிலும் இலண்டனிலும் இருக்கும் உறவினரும் ஒருவர் வீட்டுக் கலியாணத்தை அன்றே பார்த்து விருப்பக்குறி இடுகின்றனர். குறி குறைந்தால் உறக்கம் குறைகிற இளையோர் பலர். முன்பு ஓர் ஊரின் வாய்க்கு அஞ்சியவர் இன்று பல நாடுகளின் கண்ணுக்கு அஞ்சுகின்றனர். பரப்பு விரிந்ததே தவிர, மருந்து மாறவில்லை.

உடுவிலில் முதன்முதல் எழுத்துக் கற்ற சிறுமியருட் பலரின் சொந்தப் பெயர்கள் இன்று எவருக்கும் தெரியா. அவர்களைப் பழித்தவர்களின் பெயர்களும் தெரியா. பழிச்சொற்கள் அவற்றைச் சொன்னவர்களோடு மறைந்தன. அச்சிறுமியர் கற்ற எழுத்தோ அவர்களுடைய மக்களுக்கும், மக்களின் மக்களுக்கும் சென்று, இன்று அவ்வூரில் எழுதப் படிக்க அறிந்த ஒவ்வொரு பெண்ணின் கையிலும் இருக்கிறது.